வெள்ளியைத் தேடி வந்தவர்: புதுச்சேரியில் லெ ழான்தி கற்ற சோழிக் கணக்கு

நம் புதுச்சேரிக்கு எத்தனையோ பிரெஞ்சுக்காரர்கள் வந்து போயிருக்கிறார்கள். ஆட்சி செய்ய வந்தவர்கள் உண்டு. வாணிபம் செய்ய வந்தவர்கள் உண்டு. போர் செய்ய வந்தவர்களும் உண்டு. ஒரே ஒரு நாள் காலையில் சூரியனைப் பார்ப்பதற்காக, பதினோரு ஆண்டுகளுக்கு மேல் வீட்டை விட்டுப் பிரிந்திருந்த ஒருவரும் இங்கே வந்திருக்கிறார். அவர் பெயர் கியோம் லெ ழான்தி.

அவருடைய துரதிர்ஷ்டத்தை உலகமெங்கும் கதையாகச் சொல்கிறார்கள். ஆனால் அவர் இந்த ஊரில் தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதர் ஒருவரிடம் மாணவராக உட்கார்ந்து கணக்குக் கற்றார் என்பது நம்மில் பலருக்குத் தெரியாது. அந்தக் கணக்கின் அடிப்படை, இன்று நம் பிள்ளைகள் பத்தாம் வகுப்பில் 'சார்பு' என்ற பாடத்தில் படிக்கும் அதே எளிய கணக்குதான். அதனால்தான் இவரது வரலாற்றை நம் குடும்பங்கள் அறிந்துகொள்ள வேண்டும் என்று விரும்புகிறோம்.

இறையியல் மாணவர் வானியலுக்கு வந்தார்

லெ ழான்தி 1725ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம், பிரான்ஸின் நார்மண்டிப் பகுதியில் உள்ள கூத்தான்ஸ் என்ற ஊரில் பிறந்தார். கிறிஸ்தவக் குருவாக வேண்டும் என்ற எண்ணத்துடன் பாரிஸுக்குச் சென்று இறையியல் படித்தார். அங்கே தெலீல் என்ற வானியல் பேராசிரியரின் பாடங்களைக் கேட்கப் போனவர், அந்தத் துறையிலேயே தங்கிவிட்டார். பாரிஸ் வானாய்வுக் கூடத்தில் பயிற்சி பெற்றார். 1753இல் பிரெஞ்சு அறிவியல் கழகத்தின் உறுப்பினரானார்.

அக்காலத்தில் ஐரோப்பிய அறிஞர்கள் ஒரு கேள்விக்கு விடை தேடிக்கொண்டிருந்தார்கள். பூமிக்கும் சூரியனுக்கும் இடையே உள்ள தூரம் எவ்வளவு? இதற்கு இங்கிலாந்தின் எட்மண்ட் ஹாலி 1716இல் ஒரு வழி சொல்லியிருந்தார். வெள்ளிக் கோள் எப்போதாவது ஒருமுறை சூரியனின் முகத்தைக் குறுக்கே கடக்கும். அப்போது சிறு கரும்புள்ளி போலத் தெரியும். உலகின் பல இடங்களிலிருந்து அந்தக் கடப்பைப் பார்த்து நேரத்தைக் குறித்தால், அந்த நேரங்களின் வேறுபாட்டைக் கொண்டு தூரத்தைக் கணக்கிட்டுவிடலாம்.

இந்தக் கடப்பு எட்டு ஆண்டு இடைவெளியில் இரண்டு முறை வரும். பிறகு நூறு ஆண்டுகளுக்கு மேல் வராது. 1761இலும் 1769இலும் வர இருந்தது. அதைத் தவறவிட்டால் அடுத்தது 1874இல்தான். எனவே உலகின் பல மூலைகளுக்கும் அறிஞர்கள் அனுப்பப்பட்டார்கள். லெ ழான்திக்குக் கிடைத்த இடம் புதுச்சேரி.

கடலிலேயே கழிந்த முதல் வாய்ப்பு

1760 மார்ச் 26 அன்று அவர் பிரான்ஸிலிருந்து கப்பலேறினார். ஜூலை மாதம் மொரீஷியஸ் தீவை அடைந்தார். அப்போது ஆங்கிலேயருக்கும் பிரெஞ்சுக்காரருக்கும் ஏழாண்டுப் போர் நடந்துகொண்டிருந்தது. அங்கிருந்து இந்தியாவுக்குக் கப்பல் கிடைக்கவே மாதங்கள் கடந்தன. 1761 மார்ச்சில் ஒருவழியாகப் புறப்பட்டார். மலபார்க் கரையை நெருங்கியபோதுதான் செய்தி தெரிந்தது. அந்த ஆண்டு ஜனவரியிலேயே புதுச்சேரி ஆங்கிலேயரிடம் வீழ்ந்திருந்தது. மாஹேயும் அவர்கள் கைக்குப் போயிருந்தது. கப்பல் வந்த வழியே மொரீஷியஸுக்குத் திரும்பியது.

1761 ஜூன் 6 அன்று வானம் தெளிவாக இருந்தது. அவர் நடுக்கடலில் இருந்தார். ஆடும் கப்பலில் ஊசற் கடிகாரம் சரியாக ஓடாது. தாம் இருக்கும் இடத்தின் தீர்க்கரேகையும் துல்லியமாகத் தெரியாது. வெள்ளி சூரியனைக் கடப்பதைக் கண்ணால் பார்த்தார். ஆனால் அந்தக் காட்சி கணக்குக்கு உதவவில்லை.

வேறு யாராக இருந்தாலும் வீடு திரும்பியிருப்பார். அவரோ, அடுத்த கடப்புக்கு எட்டே ஆண்டுகள்தானே என்று இந்தப் பக்கத்திலேயே தங்கிவிட்டார். சும்மா இருக்கவில்லை. மடகாஸ்கர் கரைகளை ஆராய்ந்து வரைபடம் தயாரித்தார். காற்று, நீரோட்டம், தாவரம், மக்களின் பழக்கவழக்கம் என எல்லாவற்றையும் குறித்துக்கொண்டார். 1766இல் மணிலாவுக்குப் போனார். இரண்டாவது கடப்பை அங்கிருந்தே பார்க்க எண்ணினார். ஆனால் அங்கிருந்த ஸ்பானிய ஆளுநர் அவரைச் சந்தேகக் கண்ணோடு பார்த்தார். பாரிஸின் அறிவியல் கழகமும் புதுச்சேரியையே விரும்பியது. போர் முடிந்து, ஊர் மீண்டும் பிரெஞ்சுக்காரர் வசம் வந்திருந்தது.

இடிந்த கோட்டையில் ஒரு வானாய்வுக் கூடம்

1768 மார்ச் 27 அன்று லெ ழான்தி புதுச்சேரியில் இறங்கினார். அவர் கண்ட ஊர் நாம் காணும் ஊர் அல்ல. ஆங்கிலேயர் கோட்டையையும் பெரிய கட்டடங்களையும் இடித்துத் தள்ளியிருந்தார்கள். ஆளுநர் லா தெ லோரிஸ்தோன் ஊரை மறுபடி கட்டிக்கொண்டிருந்தார். அந்த ஆளுநரின் உதவியால், இடிந்த கோட்டையின் மீதே லெ ழான்திக்கு ஒரு சிறிய வானாய்வுக் கூடம் அமைந்தது. இன்று பாரதி பூங்காவும் ஆளுநர் மாளிகையும் இருக்கும் வட்டாரம்தான் பழைய கோட்டைப் பகுதி. முல்லா வீதியிலிருந்து நடந்தே போய்விடும் தூரம். சில ஆண்டுகளுக்கு முன் எதிரிகளாக இருந்த சென்னை ஆங்கிலேயர்கள், அவருக்கு ஒரு நல்ல தொலைநோக்கியை அனுப்பி உதவினார்கள்.

கடப்புக்கு இன்னும் ஓராண்டுக்கு மேல் இருந்தது. அந்த இடைவெளியில்தான், நாம் சொல்ல வந்த செய்தி நடந்தது.

சோழிகளால் ஒரு கிரகணம்

இந்த ஊர்க்காரர்கள் தொலைநோக்கி இல்லாமலே கிரகணத்தை முன்கூட்டிச் சொல்கிறார்கள் என்று லெ ழான்தி கேள்விப்பட்டார். நம்பவும் இல்லை, புறக்கணிக்கவும் இல்லை. மொழிபெயர்ப்பாளர் துணையோடு ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதரிடம் பாடம் கேட்கத் தொடங்கினார்.

அவர் கண்ட காட்சி அவரை வியக்க வைத்தது. கணிதர் கையில் பேனாவும் இல்லை, தாளும் இல்லை. தரையில் சோழிகளைப் பரப்புகிறார். சில இடங்களில் கூட்டுகிறார், சில இடங்களில் எடுக்கிறார். வாய் மனப்பாடமாக எண்களை முணுமுணுக்கிறது. கை நிற்காமல் வேகமாக ஓடுகிறது. முடிவில் கிரகணம் தொடங்கும் நேரம், முடியும் நேரம் என்று விடை வந்துவிடுகிறது.

லெ ழான்தி சோதித்துப் பார்த்தார். 1765 ஆகஸ்ட் 30 அன்று நிகழ்ந்த சந்திர கிரகணத்தை எடுத்துக்கொண்டார். சோழிக் கணக்கு சொன்ன கால அளவு, உண்மையான கால அளவைவிட 41 விநாடி குறைவாக இருந்தது. ஐரோப்பாவில் அப்போது மிகச் சிறந்ததாகக் கருதப்பட்ட தோபியாஸ் மேயரின் அட்டவணைகளோ 68 விநாடி அதிகமாகக் காட்டின. இந்த ஒரு சோதனையில் சோழி வென்றது!

அந்தக் கணக்கின் உள்ளே இருப்பது என்ன?

கணிதரின் நீண்ட கணக்கில் பல படிகள் உண்டு. சந்திரனின் ஓட்டத்துக்கு ஏராளமான திருத்தங்கள் உண்டு. ஆனால் முதல் படி மிக எளியது. ஒரு தொடக்க எண் இருக்கிறது. ஒவ்வோர் ஆண்டுக்கும் அல்லது ஒவ்வொரு நாளுக்கும் இவ்வளவு கூடும் என்ற ஒரு வீதம் இருக்கிறது. எத்தனை ஆண்டு கடந்ததோ அந்த எண்ணை வீதத்தால் பெருக்கி, தொடக்க எண்ணோடு கூட்டினால் விடை.

இதைத்தான் பாடப்புத்தகம் நேரிய சார்பு என்று சொல்கிறது. நம் வீட்டுக் கணக்கு ஒன்றைப் பாருங்கள். வலீமா விருந்துக்கு மண்டப வாடகை 5,000 ரூபாய். சாப்பாடு ஆளுக்கு 200 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். 300 பேர் வந்தால்? 200ஐ 300ஆல் பெருக்கினால் 60,000. வாடகை 5,000 சேர்த்தால் 65,000. இங்கே 5,000 தொடக்கம், 200 வீதம், 300 நாம் உள்ளே போடும் மதிப்பு. ஆள் எண்ணிக்கையை மாற்றினால் விடை மாறும், விதி மாறாது. செல்சியஸ் வெப்பநிலையை 9இன் கீழ் 5ஆல் அல்ல, 5இன் கீழ் 9ஆல், அதாவது 1.8ஆல் பெருக்கி 32 கூட்டினால் ஃபாரன்ஹீட் வருவதும் இதே கணக்குதான்.

தமிழ்ப் பஞ்சாங்கத்துக்கு வருவோம். லெ ழான்தி கற்ற கணக்கில் ஓர் ஆண்டின் நீளம் 365 நாள், 15 நாழிகை, 31 விநாடி, 15 தற்பரை. இதில் 60 நாழிகை ஒரு நாள். 60 விநாடி ஒரு நாழிகை. 60 தற்பரை ஒரு விநாடி. நம் கடிகாரப்படி 365 நாள், 6 மணி, 12 நிமிடம், 30 நொடி. 365 நாளில் 52 முழு வாரங்களைக் கழித்தால் மிச்சம் ஒரு நாள். எனவே ஆண்டுப் பிறப்பு ஒவ்வோர் ஆண்டும் கிழமைக் கணக்கில் 1 நாள், 15 நாழிகை, 31 விநாடி, 15 தற்பரை தள்ளிப் போகும். இதுதான் வீதம்.

ஓர் ஆண்டு ஞாயிற்றுக்கிழமை சூரிய உதயத்தில் சித்திரை பிறந்தது என்று கொள்வோம். நான்கு ஆண்டு கழித்து எப்போது பிறக்கும்? வீதத்தை 4ஆல் பெருக்குங்கள். 15 தற்பரை 60 ஆகி ஒரு விநாடியாகும். 31 விநாடி 124 ஆகும். அந்த ஒன்றையும் சேர்த்தால் 125, அதாவது 2 நாழிகை 5 விநாடி. 15 நாழிகை 60 ஆகி ஒரு முழு நாளாகும். மொத்தம் 5 நாள், 2 நாழிகை, 5 விநாடி. ஞாயிற்றுக்கிழமையுடன் 5 நாள் கூட்டினால் வெள்ளிக்கிழமை, சூரிய உதயத்துக்குப் பின் 2 நாழிகை 5 விநாடி. தாளும் பேனாவும் இல்லாமல், சோழிகளை நகர்த்தியே இதைச் செய்துவிடலாம். 4க்குப் பதில் 400 போட்டாலும் முறை ஒன்றே.

பாக்தாதுக்குப் போன பாதை

இந்திய வானியல் கணக்கைக் கற்க வெளியார் வந்தது இது முதல் முறை அல்ல. லெ ழான்திக்கு ஏறத்தாழ ஆயிரம் ஆண்டு முன்பு, கலீஃபா அல்மன்சூரின் காலத்தில், இந்திய வானியல் நூல் ஒன்று பாக்தாத் அரசவையை அடைந்து அரபியாக்கப்பட்டது. சிந்துஹிந்த் என்று அதை அழைத்தார்கள். அதை அடிப்படையாகக் கொண்டு அல்குவாரிஸ்மி தம் வானியல் அட்டவணைகளை எழுதினார். அல்ஜீப்ராவுக்குப் பெயர் தந்த அதே அறிஞர்தான். அவ்வட்டவணைகள் பிறகு லத்தீனுக்குப் போய் ஐரோப்பாவை அடைந்தன. அறிவு யாரிடம் இருந்தாலும் கேட்டுப் பெறத் தயங்காதவர்கள் அந்த முன்னோர்கள்.

ஹிஜ்ரி ஆண்டைப் பொது ஆண்டாக மாற்றுவதும் ஒரு நேரிய சார்பே. சந்திர ஆண்டுக்கு ஏறத்தாழ 354 நாள். சூரிய ஆண்டுக்கு 365. எனவே 33 ஹிஜ்ரி ஆண்டுகள் ஏறக்குறைய 32 சூரிய ஆண்டுகளுக்குச் சமம். 32ஐ 33ஆல் வகுத்தால் சுமார் 0.97. இது வீதம். ஹிஜ்ரத் நடந்த 622 தொடக்கம். ஹிஜ்ரி 1447ஐ 0.97ஆல் பெருக்கினால் 1403.59, 622 கூட்டினால் 2025.59. அதாவது 2025ஆம் ஆண்டின் நடுப்பகுதி தொடங்கிய ஆண்டு. லெ ழான்தி காத்திருந்த அந்தக் காலை ஹிஜ்ரி 1183இல் வந்தது. போட்டுப் பாருங்கள்: 1147.51, அதோடு 622; விடை 1769.51. இது தோராயக் கணக்கு என்பதால் சில சமயம் ஓராண்டு முன்பின் ஆகலாம். பழைய கல்வெட்டிலோ கிதாபிலோ ஹிஜ்ரி ஆண்டைக் காணும் பிள்ளைக்கு இது போதும்.

மேகம்

1769 ஜூன் 4 காலை. புதுச்சேரியில் சூரியன் உதிக்கும்போதே வெள்ளி அதன் முகத்தில் இருக்கும். ஏழு மணிக்குள் விலகிவிடும் என்று கணக்கு சொன்னது. கணக்கில் பிழை இல்லை. முந்தைய வாரங்களில் காலை வானம் பெரும்பாலும் தெளிவாகவே இருந்தது. முதல் நாள் மாலையும் ஆளுநரோடு சேர்ந்து வியாழனின் துணைக்கோள்களைப் பார்த்து மகிழ்ந்தார்.

விடியும் முன் எழுந்து பார்த்தபோது வானம் மூடியிருந்தது. காற்று எழுந்தது, மேகம் விலகவில்லை. வெள்ளி சூரியனை விட்டு விலகும் நேரம் வந்தது, போனது. அதன் பிறகு சூரியன் வெளிப்பட்டு நாளெல்லாம் பிரகாசித்தது. அவர் இருக்க விரும்பிய மணிலாவில் அன்று வானம் தெளிவாக இருந்ததாகப் பின்னர் செய்தி வந்தது.

இரண்டு வாரத்துக்கு மேல் அவரால் நாட்குறிப்பில் எழுத முடியவில்லை. கணக்கு, தன்னிடம் கேட்டதற்கு மட்டுமே விடை சொல்லும். வெள்ளி எங்கே இருக்கும் என்று கேட்டார், சொன்னது. மேகம் வருமா என்பது அந்தக் கணக்கின் கேள்வியே அல்ல. இன்ஷா அல்லாஹ் என்று நாம் சொல்வதன் பொருளை உணர, இதைவிடத் தெளிவான உதாரணம் வேண்டுமா?

இறந்தவராகக் கருதப்பட்டவர்

உடல்நலம் குன்றிய நிலையில் 1770 மார்ச் 1 அன்று புதுச்சேரியை விட்டுப் புறப்பட்டார். புயலில் கப்பல் சேதமடைந்தது, மறுபடி மொரீஷியஸ். கடைசியில் ஒரு ஸ்பானியக் கப்பலில் ஏறி, 1771 அக்டோபரில் பிரான்ஸ் மண்ணை மிதித்தார். பிரிந்து சென்று பதினோரு ஆண்டு, ஆறு மாதம், பதின்மூன்று நாள் ஆகியிருந்தது.

ஊரில் அவரை இறந்தவராகவே கருதிவிட்டிருந்தார்கள். உறவினர்கள் அவரது சொத்தைப் பங்கிட முற்பட்டிருந்தார்கள். அறிவியல் கழகத்தில் அவரது இடம் வேறொருவருக்குப் போயிருந்தது. தாம் உயிரோடு இருப்பதை நிலைநாட்டிச் சொத்தை மீட்கவே வழக்காட வேண்டியிருந்தது.

ஆனால் வாழ்க்கை அதோடு முடியவில்லை. கழகத்தில் மீண்டும் இடம் கிடைத்தது. திருமணம் செய்துகொண்டார், ஒரு மகள் பிறந்தாள். தம் பயண நூலை 1779இலும் 1781இலும் இரண்டு பாகங்களாக வெளியிட்டார். 1792 அக்டோபர் 22 அன்று பாரிஸில் காலமானார்.

வெள்ளியின் கடப்பு கிடைக்காமல் போனவர், ஐரோப்பாவுக்குக் கொண்டு சென்ற சரக்கு வேறு. தமிழ்ப் பஞ்சாங்கக் கணக்கின் முறைகளையும் அட்டவணைகளையும் அவர் அறிவியல் கழகத்தின் வெளியீட்டில் விரிவாக எழுதினார். அவற்றையும் பயன்படுத்திப் பாயி என்ற பிரெஞ்சு அறிஞர் 1787இல் இந்திய வானியல் பற்றித் தனி நூல் எழுதினார். ஸ்காட்லாந்தின் ஜான் பிளேஃபேர் ஆய்வுக் கட்டுரை எழுதினார். இந்திய வானியல் ஐரோப்பாவில் பெரும் விவாதப் பொருளானதில் புதுச்சேரிச் சோழிகளுக்குப் பங்கு உண்டு.

நம் வீட்டுக்கு ஒரு பாடம்

லெ ழான்திக்குத் தம் ஆசிரியரைப் பற்றி ஒரு குறையும் இருந்தது. கணக்கை அசாத்திய வேகத்தில் போடுகிறார். ஆனால் ஏன் அப்படிப் போட வேண்டும் என்ற காரணம் அவரிடம் இல்லை என்று கருதினார். இதைக் கேட்டுக் கோபப்படத் தேவையில்லை, யோசித்துப் பார்க்கலாம்.

தொடக்க எண்ணில் ஒரு பிழை இருந்தால், அது அப்படியே அதே அளவில் இருக்கும். வீதத்தில் பிழை இருந்தால் அது நாம் உள்ளே போடும் எண்ணால் பெருகிக்கொண்டே போகும். மேலே சொன்ன தமிழ் ஆண்டின் நீளம், விண்மீன்களை வைத்து இன்று அளக்கும் ஆண்டைவிட ஏறத்தாழ 3 நிமிடம் 20 நொடி அதிகம். ஓராண்டில் அது ஒன்றுமில்லை. ஆயிரம் ஆண்டில் இரண்டு நாளைத் தாண்டிவிடும். வீதம் எங்கிருந்து வந்தது என்று தெரிந்தவரே அதைத் திருத்த முடியும். விடையை மட்டும் மனப்பாடமாகப் போடுபவரால் முடியாது.

1825இல் ஜான் வாரன் என்பவர் சென்னையில் வெளியிட்ட காலசங்கலித நூலில், புதுச்சேரிக் கணிதர் ஒருவர் அதே சோழி முறையில் அவ்வாண்டு மே 31 இரவின் சந்திர கிரகணத்தைக் கணித்ததைப் பதிவு செய்திருக்கிறார். லெ ழான்தி போய் அரை நூற்றாண்டு கழித்தும் முறை உயிரோடு இருந்தது. தலைமுறை தலைமுறையாக மனப்பாடம்தான் அதைக் காத்தது. ஹிஃப்ழின் அருமை தெரிந்த நாம் மனப்பாடத்தைக் குறைத்துப் பேச மாட்டோம். காப்பது மனப்பாடம், திருத்துவது விளக்கம். இரண்டும் வேண்டும்.

இன்று நம் பிள்ளைகள் பலர் சூத்திரத்தில் எண்ணைப் போட்டு விடையை எழுதி மதிப்பெண் வாங்குகிறார்கள். தொடக்கம் எது, வீதம் எது, இந்த இரண்டும் எங்கிருந்து வந்தன என்று கேட்டால் விழிக்கிறார்கள். பிறகு கணக்கே பிடிக்காமல் போய், பதினொன்றாம் வகுப்பில் அந்தப் பாடப்பிரிவையே தவிர்க்கிறார்கள். பெற்றோர் பெரிய படிப்புப் படித்திருக்க வேண்டியதில்லை. மாதாந்திர மின்கட்டணம், விருந்துச் செலவு, ஹிஜ்ரி ஆண்டு என வீட்டிலுள்ள ஒரு கணக்கை எடுத்துவைத்து, இதில் மாறாதது எது, மாறுவது எது என்று கேட்டாலே போதும்.

அறிவியல் கழகத்தின் உறுப்பினர் ஒருவர், தரையில் சோழி பரப்பியவரின் எதிரே மாணவராக உட்கார்ந்தார். தமக்குத் தெரியாததைக் கேட்டார், சோதித்தார், வியந்தார், குறையையும் சொன்னார். வானம் அவருக்குத் தராததை, இந்த ஊரின் ஓர் ஆசிரியர் தந்தார். கேட்கும் பழக்கம் உள்ள பிள்ளைக்கு எந்த ஊரிலும் ஓர் ஆசிரியர் கிடைப்பார். அந்தப் பழக்கத்தை நம் வீடுகளில் வளர்ப்போம்.